குழிவிரியனைத் தொடாமல் அடையாளம் காண

திருநெல்வேலி மலையில் மாஞ்சோலை, நாலுமுக்கு, ஊத்துப் பக்கம் மழைக்காலத்தில் நடக்கிறீர்கள். வழியோரக் கொப்பில் குழிவிரியன் என்ற விஷப்பாம்பு. முதலில் ஆறடி தள்ளி நில்லுங்கள். அது பெரும்பாலும் ஓடாது, நிறத்தை நம்பி அப்படியே கிடக்கும். மிதிபடுவதும் அதனால்தான், நமக்கு நின்று பார்க்க நேரம் கிடைப்பதும் அதனால்தான்.

டார்ச்சை நேராக அடிக்காமல் பக்கவாட்டில் சாய்த்து அடியுங்கள். கண்ணுக்கும் மூக்குத் துவாரத்துக்கும் நடுவில், பக்கத்துக்கு ஒன்றாக, நிழல் விழுந்த பள்ளம் கருப்பாகத் தெரியும். அதுதான் குழி. உள்ளே சுமார் 15 மைக்ரோமீட்டர் கனத்தில் ஒரு சவ்வு. எலியின் உடல்சூட்டை வாங்கி நரம்பு வழியே மூளைக்கு அனுப்ப, கும்மிருட்டிலும் இரை இருக்கும் இடம் அதற்குத் தெரிந்துவிடும். நாம் நீட்டும் கையும் அதற்குச் சூடுதான்.

கண்ணாடி விரியனுக்கும் சுருட்டை விரியனுக்கும் இந்தக் குழி கிடையாது. பச்சை நிறத்தைப் பார்த்துக் கண்கொத்திப் பாம்போடு குழப்பிக்கொள்பவர்கள் அதிகம். கண்கொத்தி சாட்டை போல ஒல்லி, மூக்கு கூர். குழிவிரியனுக்குத் தடித்த உடம்பு, ஒடுங்கிய கழுத்து, முக்கோணத் தலை. கண்மணி கீற்றாக நிற்பதைப் பகலில் மட்டும் நம்புங்கள். இரவில் விரிந்து வட்டமாகத் தெரியும், ஏமாந்துபோவது அங்கேதான்.

அடுத்து இனம். சீரான பச்சை, செதில் ஒவ்வொன்றும் பெரிதாக, நடுவில் மேடிட்டிருந்தால் பெருஞ்செதில் குழிவிரியன் வகை. மலபார் வகை பச்சை, பழுப்பு, மஞ்சள், செம்மஞ்சள் என்று பல நிறத்தில் வரும். நிறத்தை வைத்து முடிவு கட்டாதீர்கள். 2021இல் இந்த வகைகளைப் பல இனங்களாகப் பிரித்துவிட்டார்கள், பழைய புத்தகப் பெயரோடு மல்லுக்கட்ட வேண்டாம். கவனமெல்லாம் சருகில் இருக்கட்டும்: பழுப்பு உடம்பு, இரு பக்கமும் கருந்திட்டு, ஓரடிக்குச் சற்றே கூட நீளம், மேல்நோக்கி வளைந்த மூக்கு நுனி. இது கூன்மூக்குக் குழிவிரியன். சுருண்டு, தலையை மட்டும் சாய்வாகத் தூக்கி வைத்திருக்கும். மூக்கு தெரிகிற மாதிரி பக்கவாட்டில் ஜூம் செய்து ஒரு போட்டோ எடுத்தால் போதும். அடிக்கவோ பிடிக்கவோ போகாதீர்கள். வெட்டிய தலைகூடக் கடிக்கும்.

கடித்துவிட்டால் மெட்டி, மோதிரம், கொலுசை உடனே கழற்றுங்கள். வீக்கம் வேகமாக ஏறும். கயிறு கட்டக்கூடாது, கீறக்கூடாது, உறிஞ்சக்கூடாது. கடிபட்ட காலை அசையாமல் வைத்து 108ஐக் கூப்பிடுங்கள்.

ஆஸ்பத்திரியில் அந்தப் போட்டோவைக் காட்டுங்கள், இது அவசியம். நம்மூர் விஷமுறிவு மருந்து நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் விஷத்துக்குச் செய்தது. கூன்மூக்கு விஷத்தை அது சரிவர முறிப்பதில்லை. 2 மில்லி ரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் 20 நிமிடம் ஆட்டாமல் வைத்து, உறைகிறதா என்று பார்ப்பார்கள். ஒருமுறை உறைந்துவிட்டது என்று கிளம்பிவிடாதீர்கள், திரும்பத் திரும்பப் பார்க்க வேண்டும். இந்த விஷம் சிறுநீரகத்தையும் தாக்கும். வீட்டுக்கு வந்த பிறகு சிறுநீர் குறைந்தாலோ நிறம் மாறினாலோ, அன்றைக்கே டயாலிசிஸ் வசதி உள்ள ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.