கற்பனை உலகில் கடல் விழா: எழுதுகிறவர்கள் சறுக்கும் இடங்கள்

மிகுபுனைவு எழுதும் நண்பர்கள் படிக்கத் தரும் பிரதிகளில் எங்காவது ஒரு கடல் விழா வந்துவிடுகிறது. முழுநிலா காயும், ஆயிரம் விளக்குகள் மிதக்கும், வெள்ளுடை உடுத்திய பெண்ணொருத்தி பாடுவாள். அழகுதான். ஆனால் 'கடல்' என்ற சொல்லை அடித்துவிட்டு 'ஏரி' என்று எழுதினாலும் வேறெந்த வரியையும் மாற்ற வேண்டியிருக்காது. கோளாறு அங்கேதான் இருக்கிறது.

பெரும்பாலும் தவறு தேதியிலேயே தொடங்குகிறது. 'வசந்தத்தின் முதல் நாள்', 'அறுவடை முடிந்த மறுநாள்' என்று எழுதிவிடுகிறார்கள். அது உழவர் வீட்டு நாட்காட்டி. கடற்கரையில் வருடத்தைப் பிரிப்பது காற்றும் மீனும். மும்பைப் பக்கத்துக் கோலி மீனவர்கள், நம் ஆவணி அவிட்டத்தை ஒட்டிய பௌர்ணமியில் கடலுக்குத் தேங்காய் படைக்கிறார்கள். மழைக்காலம் முழுக்கக் கரையில் கிடந்த படகுகளை மறுபடி நீரில் இறக்கும் நேரம் அது. இந்தோனேசியாவின் லொம்போக் தீவில் விழா நாளைத் தீர்மானிப்பது ஒரு புழு. ஆண்டில் சில இரவுகள் மட்டும், பிப்ரவரி, மார்ச் வாக்கில், இனப்பெருக்கத்துக்காகக் கடற்புழுக்கள் கூட்டமாக மேலே வருகின்றன. விடியுமுன்னே ஊர் திரண்டு வலையும் வாளியுமாக இறங்கி அள்ளுகிறது. உங்கள் தீவில் எது வருகிறது, எது போகிறது, எத்தனை நாள் உலை வைக்காமல் கிடந்தார்கள்? இது தெரியாமல் தேதி குறிக்காதீர்கள்.

அடுத்தது நிலா. பௌர்ணமியன்று ஓதம், அதாவது கடலின் நீரேற்றம், பெரிதாக இருக்கும் என்பது எல்லோருக்கும் தெரியும். அன்று நீர் வற்றுவதும் அதே அளவு ஆழமாக இருக்கும் என்பதைத்தான் மறந்துவிடுகிறார்கள். ஏறிய நீர் ஆறேகால் மணி நேரத்தில் இறங்கிவிடும். மாலையில் அலை தொட்ட கோயில் படியிலிருந்து நள்ளிரவில் பார்த்தால் நண்டு ஓடும் சேறுதான் தெரியும். மறுநாள் அதே ஓதம் ஏறக்குறைய 50 நிமிடம் பிந்தி வரும். விழா மூன்று நாள் என்றால் மூன்று நாளும் ஒரே மணிக்குச் சடங்கு வைக்க முடியாது. சிலர் வானத்தில் இரண்டு நிலாக்களைத் தொங்கவிட்டுக் கடலை மட்டும் மெரினா போலவே வைத்திருக்கிறார்கள். நிலா பாதித் தூரத்துக்கு நெருங்கினால் அது கடலை இழுக்கும் ஓத விசை எட்டு மடங்காகும். அந்த ஊரில் வீடு கட்டும் முறையே வேறாக இருக்கும்.

விழா நாளில் வலை நிறைய மீனோடு படகுகள் திரும்புவதாக எழுதுவதும் வழக்கம். பட்டினப்பாலையின் பரதவர் அப்படிச் செய்யவில்லை. பௌர்ணமியன்று கடலுக்குப் போகாமல், சினைச்சுறாவின் கொம்பை நட்டு வழிபட்டு, உண்டு ஆடிக் கிடக்கிறார்கள். நாள் முழுக்க உயிரைப் பணயம் வைக்கிறவனுக்கு வேலைக்குப் போகாமல் இருப்பதே பண்டிகை.

விழா நடக்காவிட்டால் என்ன ஆகும் என்பதைப் பலர் யோசிப்பதே இல்லை. மணிமேகலையில் மகனைத் தேடும் துயரத்தில் சோழன் இந்திர விழாவை மறக்கிறான், புகாரைக் கடல் கொள்கிறது. 28 நாள் கொண்டாட்டத்துக்கு அடியில் அந்த அச்சம் இருக்கிறது. உங்கள் விழாவை ஓராண்டு தள்ளிப்போட்டால் யாருக்கும் தூக்கம் கெடாது என்றால், கதையில் அந்த அத்தியாயம் எதற்கு?

பெயர் விஷயம் சின்னது. வாயில் நுழையாத அயல் ஒலிகளைக் கோத்து விழாவுக்குப் பெயர் வைக்காதீர்கள். வெள்ளுவா (பௌர்ணமி), காருவா (அமாவாசை), ஓதம், கொண்டல் (கீழைக்காற்று) என்று தமிழிலேயே நெய்தல் சொற்கள் நிறைய இருக்கின்றன.

விளக்குகளைக் கடைசியில் வைத்திருப்பதற்குக் காரணம், இதில் அடிபட்டவன் நான். என் கதையின் தீவில் அந்தி மயங்கும் நேரத்தில், மணற்கரையில் நின்று, சிறுமி ஒருத்தி தொன்னையில் விளக்கு விடுவதாக எழுதியிருந்தேன். கடலோர ஊரில் பிறந்த நண்பர் படித்துவிட்டுச் சிரித்தார். "மூன்றாவது அலையில் தொன்னை கவிழ்ந்துவிடும் அண்ணே. கவிழாவிட்டாலும், அந்த நேரத்தில் காற்று கடலிலிருந்து கரைக்குத்தானே வீசும்? விளக்கு காலடிக்கே திரும்பி வரும்." இரவு ஏறி, நிலம் குளிர்ந்த பிறகுதான் காற்று தரையிலிருந்து கடலுக்குத் திரும்பும். போதாக்குறைக்கு நான் வைத்திருந்தது முழுநிலா. அந்த வெளிச்சத்தில் அகல் சுடர் எங்கே எடுபடும்?

திருத்தி எழுதினேன். பெரிய ஓதம் அமாவாசைக்கும் உண்டு என்பதால் விழா காருவாவுக்கு மாறியது. மணற்கரை போய், அலை அடிக்காத ஆற்று முகத்துவாரம் வந்தது. நேரம் பின்னிரவு. சிறுமி தொன்னையைக் கையில் ஏந்திக் குந்தியிருக்கிறாள். பக்கத்தில் கிழவி ஒரு குச்சியைச் சேற்றில் குத்தி, ஏறிய நீர் நின்றுவிட்டதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறாள். சிறுமிக்குக் கை கடுக்கிறது, எண்ணெய் விரலில் வழிகிறது. குச்சியில் நீருக்கு மேலே ஒரு விரற்கடை ஈரம் தெரிந்ததும் கிழவி சொல்கிறாள்: "இப்போது விடு."