ஹாக்ஸா பிளேடுக்கு மசியாத டைல்ஸ் இடுக்கு

கிருஷ்ணகிரி பழையபேட்டை வீட்டில் குளியலறைச் சுவரில் டைல்ஸ் இடுக்கை அடைக்கும் பழைய கிரவுட் பூச்சு கறுத்து, ஈரம் பின்சுவரில் இறங்கியது. கையாலேயே சுரண்டத் தொடங்கினேன். இரண்டு ஹாக்ஸா பிளேடுகளைச் சேர்த்துத் துணி சுற்றிப் பிடித்தால் இடுக்குக்குச் சரியாக அமைகிறது. மேல் வரிசைகள் மாவாக உதிர்ந்தன. குழாயடியில் மட்டும் பிளேடு வழுக்கியது. ஸ்குரூடிரைவரை வைத்துத் தட்டியதில் டைல்ஸ் ஓரம் பெயர்ந்தது. ஆசிட் ஊற்றினால் நுரைத்துப் பொங்கியது, இடுக்கு அசையவில்லை. "இன்னும் கொஞ்சம் ஊற்றுங்கள்" என்றார் கடைக்காரர்; அவருக்கு வியாபாரம்.

பொங்கியதெல்லாம் போர்வெல் தண்ணீரின் உப்புப் படிவம். கழுவியபின் அடியில் பளபளப்பாக ஒரு கோடு. ஊசியால் கீறினால் தூள் வரவில்லை. நகத்துண்டு போலச் சுருண்டு வந்தது. எபாக்சி, பிளாஸ்டிக் போல இறுகும் பிசின்! முன்பு யாரோ ஒட்டுப் போட்டிருக்கிறார்கள். வெள்ளைப் படிவம் அதைச் சிமெண்டாகக் காட்டியிருக்கிறது.

எபாக்சி ஆசிட்டுக்கு அசையாது, சூட்டுக்கு இளகும். சுவரை நன்றாக அலசிக் காயவைத்து, எலக்ட்ரீஷியனிடம் ஹீட் கன் (சூடான காற்றை ஊதும் கருவி) இரவல் வாங்கினேன். ஒவ்வொரு சாணாகச் சூடாக்கி, ஆறுவதற்குள் பிளேடால் இழுத்தேன். நீளநீளமாக உரிந்தது. அப்பாடா! ஒரே இடத்தில் சூட்டை நிறுத்தினால் டைல்ஸ் விரிசல் விடும், கன்னை நகர்த்திக்கொண்டே இருக்க வேண்டும். புகை நெடி உண்டு. ஜன்னலைத் திறந்து வையுங்கள்.