குக்கம் ஊருக்குக் குடிவருகிறீர்களா? முதலில் ஆற்றைப் பாருங்கள்

இங்கிலாந்தில் மெய்டன்ஹெட்டிலோ ஸ்லாவிலோ வேலை கிடைத்து வந்த நம் ஆட்கள், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலாற நடக்கப் போய், "இங்கேயே வீடு பார்த்தால் என்ன?" என்று கேட்கத் தொடங்கும் ஊர் குக்கம். மெய்டன்ஹெட்டுக்கு வடக்கே சுமார் 3 மைல் தூரத்தில், தேம்ஸ் ஆறு வளைந்து திரும்பும் இடத்தில் இருக்கிறது. இந்தக் கரை பார்க்‌ஷயர், எதிர்க்கரை பக்கிங்ஹாம்‌ஷயர். ஆங்கில எழுத்தைப் பார்த்து 'குக்ஹாம்' என்று வாசித்துவிடாதீர்கள், ஊர்க்காரர்கள் சொல்வது குக்கம்தான். பக்கத்து நகரம் ரெடிங், 'ரீடிங்' இல்லை. பெயரைச் சரியாகச் சொல்லிவிட்டால் கடையிலும் பேருந்திலும் பேச்சு சுலபமாகத் தொடங்கும்.

நான் காவிரிக் கரையில் வளர்ந்தவள். ஆற்றங்கரை ஊர் என்றால் எனக்குப் புதிதல்ல என்று நினைத்துத்தான் வந்தேன். ஆனால் காவிரியில் ஆடி மாதம் தண்ணீர் பெருகி வருவது கொண்டாட்டம். இங்கே தேம்ஸ் பெருகுவது பெரும்பாலும் டிசம்பர் முதல் பிப்ரவரி வரை, குளிரிலும் இருட்டிலும். அந்த வேறுபாட்டைப் புரிந்துகொள்ள எனக்கு ஒரு முழுக் குளிர்காலம் ஆனது. நீங்கள் வருவதற்கு முன்பே தெரிந்துகொள்ளட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

குக்கம் என்பது உண்மையில் மூன்று ஊர். ஆற்றை ஒட்டிப் பழைய தேவாலயமும் ஹை ஸ்ட்ரீட்டும் இருக்கும் தாழ்வான பகுதி, குக்கம் வில்லேஜ். அங்கிருந்து மேற்கே, பசும்புல் மைதானமான குக்கம் மூரைக் கடந்தால், ரயில் நிலையத்தைச் சுற்றி வளர்ந்த குக்கம் ரைஸ். 1854இல் ரயில் வந்த பிறகு உருவான பகுதி அது. இன்னும் மேலே ஏறினால் குன்றின்மேல் குக்கம் டீன். வீட்டுத் தரகர் விளம்பரத்தில் மூன்றுக்கும் 'குக்கம்' என்றே போட்டிருப்பார். நீங்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி, "எந்தக் குக்கம்?" என்பதுதான். வாடகைக்காக மட்டும் அல்ல, தண்ணீருக்காகவும்.

வீட்டை மிகவும் பிடித்துவிட்டாலும் சரி, கையெழுத்துப் போடுவதற்கு முன் அந்த அஞ்சல் குறியீட்டை அரசின் வெள்ள அபாயம் பார்க்கும் இணையதளத்தில் போட்டுப் பாருங்கள், இலவசம்தான். முன்பு வெள்ளம் வந்ததா என்று வீட்டு உரிமையாளரிடம் நேராகவே கேளுங்கள். இங்கே அது தவறான கேள்வி இல்லை, புத்திசாலியின் கேள்வி. வாடகை வீட்டில் கட்டடத்துக்கான காப்பீடு உரிமையாளருடையது. உங்கள் கட்டில், மிக்ஸி, பட்டுப் புடவைகள், பிள்ளைகளின் புத்தகங்கள் எல்லாம் அதில் அடங்காது, அவற்றுக்குத் தனிக் காப்பீடு எடுக்க வேண்டும். சொந்தமாக வாங்குகிறவர்களுக்கு ஒரு கூடுதல் சேதி: வெள்ள அபாயம் உள்ள வீடுகளுக்குக் காப்பீடு கட்டுப்படியாகும் விலையில் கிடைக்க 2016 முதல் 'ஃப்ளட் ரீ' என்ற ஏற்பாடு நடக்கிறது. 2009 தொடக்கத்திலிருந்து கட்டிய வீடுகள் அதில் சேராது. புது வீடு என்றால் கவலையில்லை என்று நாம் நினைப்போம், இந்த விஷயத்தில் அது நேர்மாறு.

தேம்ஸ் நம் ஊர்க் காட்டாறு போல ஒரே இரவில் பாய்ந்து வருவதில்லை. மேற்கே பல நாள் பெய்த மழையில் நிலமெல்லாம் ஊறி, இனி உறிஞ்ச இடமில்லை என்றான பிறகு, மெதுவாக ஏறும். மழை நின்று வெயில் அடிக்கிறதே என்று நிம்மதியாக இருக்கும் நாளில்தான் தண்ணீர் புல்வெளிக்குள் வரும். ஆகவே தயாராக நேரம் கிடைக்கும், அதைப் பயன்படுத்த வேண்டும். சுற்றுச்சூழல் முகமையின் எச்சரிக்கைக்கு உங்கள் கைபேசி எண்ணைப் பதிந்துகொள்ளுங்கள், காசு கிடையாது. மூன்று நிலைகள் உண்டு. முதலாவது, 'ஃப்ளட் அலர்ட்': கவனமாக இருங்கள், ஆற்றோரப் பாதைகளில் தண்ணீர் வரலாம். இரண்டாவது, 'ஃப்ளட் வார்னிங்': வெள்ளம் வரப்போகிறது, பொருள்களை மேலே ஏற்றுங்கள், காரை உயரமான இடத்துக்குக் கொண்டுபோங்கள். மூன்றாவது, 'சிவியர்' என்று தொடங்குவது: உயிருக்கு ஆபத்து, சொன்னபடி வெளியேறுங்கள். முதல் எச்சரிக்கை குளிர்காலத்தில் அடிக்கடி வரும். அதைப் பார்த்துப் பதறவும் வேண்டாம், பழகிப்போய் இரண்டாவதை விட்டுவிடவும் வேண்டாம்.

குக்கம் மூரில் நடக்கும்போது, சாலைக்குப் பக்கத்தில் தரையைவிட உயர்ந்து ஓடும் ஒரு நடைபாதையைப் பார்ப்பீர்கள். கோடையில் அது எதற்கென்றே தோன்றாது. வெள்ளக் காலத்தில் மூர் முழுக்க ஏரியாகி, சாலை தண்ணீருக்குள் போனதும், வில்லேஜுக்கும் ரைஸுக்கும் இடையே நடந்து போகிறவர்களுக்கு வழி அதுதான். 2014 தொடக்கத்தில் தேம்ஸ் நெடுகிலும் வெள்ளம் வந்தபோது இந்த ஊரும் தப்பவில்லை. மூத்தவர்கள் 1947 வெள்ளத்தைப் பற்றி இன்றும் பேசுவார்கள். தெருவில் யாரிடமாவது பேச்சுக் கொடுக்க வேண்டுமா? "இந்த வீட்டுக்கு எதுவரை தண்ணீர் வந்தது?" என்று கேளுங்கள். எனக்கு இந்த ஊரில் கிடைத்த முதல் நட்பு அந்தக் கேள்வியில்தான் தொடங்கியது. அந்த அம்மா தன் வீட்டுச் சுவரில் கையை வைத்து உயரத்தைக் காட்டிவிட்டு, அப்படியே தேநீருக்கும் உள்ளே அழைத்துவிட்டார்.

ஊரின் வரலாறும் ஆற்றோடுதான் போகிறது. ஹோலி டிரினிட்டி தேவாலயத்துக்குப் பக்கத்து நிலத்தில் 2021இல் ரெடிங் பல்கலைக்கழகத் தொல்லியலாளர்கள் தோண்டியபோது, 8ஆம் நூற்றாண்டு மடம் ஒன்றின் எச்சங்கள் கிடைத்தன. இங்கிலாந்தின் பழைய அரசுகளில் ஒன்றான மெர்சியாவை ஆண்ட ஆஃபா மன்னர் 796இல் இறந்த பிறகு, அவருடைய அரசி கினெத்ரித் தலைவியாக இருந்த மடம் இது. இங்கே எங்கோ இருந்தது என்று ஏடுகளில் மட்டும் படித்துவந்த இடம், ஊர்க்காரர்கள் தினமும் நாயை நடத்திக்கொண்டு போகும் பாதைக்குப் பக்கத்திலேயே இருந்திருக்கிறது. ஆற்று வணிகப் பாதையில், இரண்டு அரசுகள் மோதிக்கொண்ட எல்லையில், ஓர் அரசி மடத்தை நடத்தியிருக்கிறார் என்றால் இந்த வளைவு அன்றைக்கு எவ்வளவு முக்கியமாக இருந்திருக்க வேண்டும்! இன்றைய இரும்புப் பாலம் 1867இல் வந்தது. 1947 வரை அதைக் கடக்கக் கட்டணம் வாங்கினார்கள். குறுகலான பாலம், கார் ஓட்டும்போது அவசரப்படாதீர்கள்.

இந்த ஊரை உலகுக்குக் காட்டியவர் ஓவியர் ஸ்டான்லி ஸ்பென்சர். 1891இல் ஹை ஸ்ட்ரீட்டிலேயே பிறந்தவர். லண்டனில் ஓவியப் பள்ளியில் படித்த காலத்தில் தினமும் ரயிலில் ஊருக்கே திரும்பிவிடுவாராம். கூடப் படித்தவர்கள் அவருக்கு வைத்த பட்டப்பெயரே 'குக்கம்'. பெரிய ஓவியம் ஒன்றில், இந்தத் தேவாலயத்தின் கல்லறைகளிலிருந்து இறந்தவர்கள் எழுந்து வருவதாக வரைந்திருக்கிறார். அதை லண்டன் டேட் அருங்காட்சியகம் வைத்திருக்கிறது. பைபிளில் சொன்னதெல்லாம் தன் தெருவிலேயே நடப்பதாகக் கண்டவர் அவர். நம் ஊர்த் தலபுராணங்கள் கடவுளை நம் குளக்கரைக்கே கொண்டுவருவதைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த மனிதரைப் புரிந்துகொள்ளக் கஷ்டமே இருக்காது. ஹை ஸ்ட்ரீட்டின் பழைய மெதடிஸ்ட் ஆலயக் கட்டடத்தில் 1962 முதல் அவருடைய ஓவியக்கூடம் இருக்கிறது. தூரிகையும் வண்ணமும் ஏற்றி அவர் தள்ளிக்கொண்டு திரிந்த பழைய குழந்தைத் தள்ளுவண்டியையும் அங்கே வைத்திருக்கிறார்கள். கூடத்தை நடத்துகிறவர்கள் தன்னார்வலர்கள். வேலைக்குப் போகாமல் வீட்டில் இருக்கும் துணைவருக்கு ஆங்கிலம் பேசிப் பழக, ஊரை உள்ளிருந்து அறிய, இப்படிப்பட்ட இடங்களில் வாரம் சில மணி நேரம் கொடுப்பதுபோல நல்ல வழி வேறில்லை.

ஊரைச் சுற்றியுள்ள திறந்தவெளிகள் யாருடையவை என்பதும் தெரிந்திருக்க வேண்டும். மெய்டன்ஹெட், குக்கம் பொதுவெளிகளில் கட்டடம் வந்துவிடக் கூடாது என்று ஊர்மக்களே பணம் திரட்டி உரிமையை வாங்கி, 1934இல் பாரம்பரிய இடங்களைக் காக்கும் அறக்கட்டளையான நேஷனல் டிரஸ்ட்டிடம் ஒப்படைத்தார்கள். ஆற்றோரம் விரியும் காக் மார்ஷ் புல்வெளியும் அதில் சேர்ந்ததே. அங்கே வெண்கலக் கால ஈமமேடுகள் இருக்கின்றன, மாடுகள் மேயும். கதவைத் திறந்து போனால் சாத்திவிட்டுப் போக வேண்டும். கன்றுகளுடன் நிற்கும் மாட்டுக்கு இடம் விட்டு நடங்கள்.

ஆற்றுக்குள் இறங்குவது பற்றி ஒரு தாயாகக் கண்டிப்பாகவே சொல்கிறேன். ஜூலை மாத வெயிலிலும் இந்தத் தண்ணீர் உடம்பை உலுக்கும் குளிர். நன்றாக நீந்தத் தெரிந்தவரும் திடீரென்று இறங்கினால் மூச்சு திணறும். ஊரை ஒட்டிய ஓட்னி பக்கத்தில் தடுப்பணை இருக்கிறது, அதன் அருகே பிள்ளைகளை விடவே விடாதீர்கள். படகுகளை ஏற்றி இறக்கும் 'லாக்' மதகுக் கதவுகளில் மஞ்சள் பலகை தொங்கினால் நீரோட்டம் ஏறுகிறது அல்லது இறங்குகிறது என்று அர்த்தம். சிவப்புப் பலகை என்றால் பலத்த ஓட்டம், எந்தப் படகையும் எடுக்கவே கூடாது. சொந்தமாக வாங்கிய சிறு துடுப்புப் படகுக்கும் பதிவு தேவை. தூண்டில் போட ஆசைப்படுகிறவர்களுக்கு: 13 வயது முதல் உரிமம் வேண்டும், மார்ச் 15 முதல் ஜூன் 15 வரை ஆற்று மீன் பிடிக்கத் தடை. ஆடிப்பெருக்கன்று மனசு கேட்காமல் கரைக்குப் போவீர்கள், நானும் போவேன். கும்பிட்டுவிட்டு வாருங்கள். மாலை, பிளாஸ்டிக், விளக்குத் தட்டு எதையும் தண்ணீரில் விட வேண்டாம்.

அப்புறம் அன்றாட விஷயங்கள். ரைஸிலிருந்து மெய்டன்ஹெட்டுக்கு ரயிலில் சில நிமிடங்கள்தான். ஆனால் ஒற்றைத் தடம், வண்டிகள் குறைவு. ஒன்றை விட்டால் நீண்ட நேரம் காத்திருக்க நேரும். மெய்டன்ஹெட்டில் எலிசபெத் லைன் ரயிலைப் பிடித்தால் லண்டனின் வெஸ்ட் ஈலிங் போகலாம். அங்கிருந்து கனகதுர்க்கை அம்மன் கோயில் பக்கம்தான், ஆகஸ்ட் தேர்த் திருவிழாவை விட்டுவிடாதீர்கள். கறிவேப்பிலை, முருங்கைக்காய் எல்லாம் குக்கத்தில் தேடி அலைய வேண்டாம், ஸ்லாவுக்குப் போங்கள். பள்ளிச் சேர்க்கைக்கு விண்ட்சர்–மெய்டன்ஹெட் கவுன்சிலில் விண்ணப்பிக்க வேண்டும். ஆரம்பப் பள்ளிக்குக் கடைசி நாள் ஜனவரி 15, இடைநிலைப் பள்ளிக்கு (செகண்டரி) அக்டோபர் 31. நடுவில் வந்தவர்களுக்குத் தனி விண்ணப்பம் உண்டு. வந்த வாரமே மருத்துவரிடம் பதிவு செய்துவிடுங்கள், நோய் வரும்வரை காத்திருக்க வேண்டாம்.

பலருக்குத் தெரியாத ஒன்று: இந்தியாவும் இலங்கையும் காமன்வெல்த் நாடுகள் என்பதால், முறையான விசாவுடன் இங்கே வசிக்கும் இந்திய, இலங்கைக் குடிமக்களுக்கு வாக்குரிமை உண்டு. பிரிட்டிஷ் குடியுரிமை கிடைக்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை. வாக்காளராகப் பதிந்துகொள்ளுங்கள். குக்கத்துக்கென்று நம் ஊராட்சி மன்றம் போன்ற பாரிஷ் கவுன்சில் இருக்கிறது. அதன் கூட்டங்களில் பொதுமக்கள் போய் உட்காரலாம். நடைபாதை, விளையாட்டுத் திடல், புது வீடுகள் கட்டுவது எல்லாம் அங்கே பேசப்படும். ஒருமுறை போய் பின்வரிசையில் உட்கார்ந்து பாருங்கள், ஊர் யாரால் நடக்கிறது என்பது தெரியும்.

நீங்கள் எந்த மாதத்தில் வந்தாலும் ஜூலை மூன்றாம் வாரத்தை நாள்காட்டியில் குறித்து வையுங்கள். அன்னங்களைக் கணக்கெடுக்கும் ஸ்வான் அப்பிங் அப்போதுதான். தேம்ஸில் திரியும் அடையாளமிடாத அன்னங்கள் அரசருக்கு உரியவை, வின்ட்னர்ஸ், டையர்ஸ் என்ற இரண்டு பழைய லண்டன் வணிகச் சங்கங்களுக்கும் பங்கு உண்டு. சிவப்புச் சட்டை போட்ட அரசரின் ஆட்கள் துடுப்புப் படகில் ஐந்து நாள் ஆற்றில் மேலேறி வருவார்கள். குக்கம் வழியாக எந்த நாள், எத்தனை மணி என்று முன்னமே அறிவித்துவிடுவார்கள். தேவாலயத்துக்குக் கீழே கரையில் ஒரு போர்வையை விரித்து, புளிச்சோறு கட்டிக்கொண்டுபோய் உட்காருங்கள். குஞ்சுகளோடு அன்னம் கண்ணில் பட்டதும் படகிலிருந்து "ஆல் அப்!" என்று கத்துவார்கள். படகுகள் வளைத்துக்கொள்ள, சாம்பல் நிறக் குஞ்சுகளைத் தூக்கி எடைபோட்டு, அளந்து, காலில் வளையம் மாட்டி, மறுபடி தண்ணீரில் விடுவார்கள். பிள்ளைகளை முன்வரிசையில் நிறுத்துங்கள், யாரும் தடுக்க மாட்டார்கள்.