மேடைக் கல்லுக்குச் சேதமின்றிப் பழைய சிங்கைக் கழற்றுவது எப்படி

சமையலறைச் சிங்கைத் தாமே கழற்ற நினைப்பவர்கள் பெரும்பாலும் குழாய் வேலையை எண்ணியே தயங்குகிறார்கள். ஆனால் அதைவிடக் கவனம் தேவைப்படுவது மேடைக் கல்லுக்குத்தான். பழைய சிங்க் எப்படியும் வெளியே போகப்போகிறது. அதற்காக வெட்டிய திறப்பின் முன்னும் பின்னும் எஞ்சியிருக்கும் குறுகிய கல்பட்டை விரிசல் விட்டாலோ, மேடையையே மாற்ற நேரிடலாம். ஆகவே சிங்கைக் கல்லோடு பிணைக்கும் சிலிக்கான் ஒட்டு முழுவதும் அறுபடும்வரை எதையும் நெம்புவதில்லை என்று முதலிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள்.

வாளி, பழைய துணிகள், ஸ்பேனர், பைப் ரெஞ்ச், ஸ்க்ரூடிரைவர், கட்டர் கத்தி, மெல்லிய பட்டைத் தகடு, தலையில் மாட்டும் விளக்கு, கையுறை, பாதுகாப்புக் கண்ணாடி ஆகியவை போதும். அண்மையில் அடைப்பு நீக்கும் ரசாயனம் ஊற்றியிருந்தால், நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிய பிறகே வேலையைத் தொடங்குங்கள். அத்தகைய பொருள்கள் பலவற்றில் உள்ள காஸ்டிக் சோடா கண்ணையும் தோலையும் கடுமையாகப் புண்ணாக்கும். இணைப்புகளைத் தொடுவதற்கு முன் அடிப்பகுதியை ஒரு புகைப்படம் எடுத்து வைத்துக்கொண்டால், புதிய சிங்கைப் பொருத்தும்போது அது பெரிதும் உதவும்.

முதலில் சிங்குக்கு அடியில், குழாய்க்கு வரும் நீரை நிறுத்தும் ஆங்கிள் வால்வை மூடுங்கள். பல ஆண்டுகள் திருப்பப்படாத வால்வு இறுகியிருந்தால், அதை வலிந்து திருப்பி உடைப்பதைவிட வீட்டின் முதன்மை வால்வை மூடுவதே நல்லது. பின்னர் குழாயைத் திறந்து, நீர் முற்றிலும் நின்றுவிட்டதா என்று பாருங்கள். சொட்டுச் சொட்டாகத் தொடர்ந்து வந்தால் வால்வு முழுமையாக மூடவில்லை என்று பொருள். கழிவு அரைக்கும் இயந்திரம் இருந்தால், மின்பலகையில் அதன் பிரேக்கரை அணைத்துவிட்டுத்தான் கையை உள்ளே நீட்ட வேண்டும். நீர் வடிகட்டியின் இணைப்பு இருந்தால் அதையும் கழற்றிவிடுங்கள்.

கழிவுக் குழாயின் வளைவில் எப்போதும் சிறிது நீர் தேங்கியிருக்கும். சாக்கடை வாயு வீட்டுக்குள் ஏறாமல் தடுப்பது அந்த நீர்தான். வாளியை அடியில் வைத்து, வளைவின் நட்டுகளைத் தளர்த்துங்கள். பிளாஸ்டிக் நட்டுக்குப் பெரும்பாலும் கையே போதும். இறுகிப்போன உலோக நட்டுக்குத் துரு நீக்கும் எண்ணெய் தெளித்து, அரை மணி நேரம் காத்திருங்கள். மல்லாந்து படுத்து வேலை செய்யும்போது திசை குழம்புவது இயல்பு; நட்டு எந்தப் பக்கத்திலிருந்து ஏறியிருக்கிறதோ, அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தபடி இடப்புறமாகச் சுற்றினால் அது தளரும். வளைவு வெளியே வந்தவுடன் சுவர்க் குழாயின் வாயைத் துணியால் அடைத்து, துணியின் ஒரு முனையை வெளியே தொங்க விடுங்கள். இல்லையெனில் துர்நாற்றம் கிளம்புவதோடு, கை தவறும் திருகாணிகளும் அதற்குள் போய்விடும்.

அடுத்ததாக, சிங்க் மேடையின் மேல் அமர்ந்திருக்கிறதா, கல்லுக்கு அடியில் ஒட்டப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். மேல் அமர்ந்தது எனில், அடியிலுள்ள கிளிப்புகளைத் தளர்த்திவிட்டு, விளிம்பைச் சுற்றியுள்ள சிலிக்கானைக் கட்டர் கத்தியால் அறுத்து வாருங்கள். ஒரே இழுப்பில் ஆழமாக அறுக்க முயலாமல், அலகைச் சிங்கின் பக்கமே சாய்த்துப் பலமுறை ஓட்டுங்கள். மார்பிள் போன்ற மென்மையான கல்லில் எளிதில் கீறல் விழும். பிறகு தகட்டை விளிம்புக்கு அடியில் செலுத்தி ஒட்டைப் பிரித்து, இன்னொருவர் அடியிலிருந்து மெல்ல மேலே தள்ளினால் சிங்க் எழும். எழவில்லையென்றால் எங்கோ ஒட்டு மிச்சமிருக்கிறது. அந்த இடத்தைத் தேடி மறுபடியும் அறுங்கள்.

அடியில் ஒட்டிய சிங்க் ஒட்டு அறுந்த கணமே கீழே விழக்கூடியது. ஆகையால் கத்தியை எடுக்கும் முன்பே அதற்கு அடியில் மரக்கட்டைகளை அடுக்கி உறுதியாக முட்டுக் கொடுங்கள். வார்ப்பிரும்புச் சிங்க் 40 கிலோவுக்கும் மேல் இருக்கக்கூடும் என்பதால் அதைத் தனியாகத் தூக்க வேண்டாம். சிமெண்டு பூசி நிலைநிறுத்திய சிங்கைச் சுத்தியலால் தட்டிப் பெயர்ப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அந்த அதிர்வு நேராகக் கல்லில் இறங்கும் என்பதால், அதைக் கல் வேலை தெரிந்தவரிடம் விட்டுவிடுங்கள்.

சிங்க் வெளியே வந்த பிறகு, கல்லில் எஞ்சிய சிலிக்கானை முழுவதும் சுரண்டி எடுங்கள்; பழைய சிலிக்கானின் மேல் புதியது சரியாக ஒட்டாது. அடிப்பலகை நீரில் ஊறி உப்பியிருக்கிறதா என்றும் பாருங்கள். புதிய சிங்க் வாங்கச் செல்லும்போது, பழைய சிங்கின் விளிம்பளவை விட்டுவிட்டு, திறப்பின் நீள அகலங்களைக் கல்லிலேயே அளந்து எடுத்துச் செல்லுங்கள்.