வீட்டுக் கடனின் முழு விலை: கையெழுத்திடுவதற்கு முன் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மட்டக்களப்பிலும் அம்பாறைக் கரையோரத்திலும் எடுக்கப்படும் வீட்டுக் கடன்களின் பின்னால் பெரும்பாலும் ஒரு மகள் இருக்கிறாள். கலியாணத்துக்கு முன் பெண்பிள்ளைக்கு ஒரு வீடு கட்டிக் கொடுத்துவிட வேண்டும் என்ற கடமை இங்குள்ள தமிழ்க் குடும்பங்களுக்கும் முஸ்லிம் குடும்பங்களுக்கும் பொதுவானது. அந்த அவசரத்தோடு வங்கிக்குப் போகும் தகப்பனும் தாயும் முதலில் கேட்பது, "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்பதே. கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் அதோடு நிறுத்திக்கொள்வது முதலாவது தவறு, மற்றத் தவறுகள் பெரும்பாலும் அதிலிருந்தே பிறக்கின்றன. மாதத் தவணை கடனின் விலையைச் சொல்வதில்லை. அந்த விலையை எத்தனை துண்டுகளாக வெட்டியிருக்கிறார்கள் என்பதை மட்டுமே சொல்கிறது.

கல்லடியில் வீடு கட்டுவதற்காக ஒருவர் 50 இலட்சம் ரூபாவை 12 சதவீத வருட வட்டிக்கு, குறைந்து செல்லும் மீதி முறையில், 20 ஆண்டுகளுக்குப் பெறுகிறார் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 55,054 ரூபா. இதை 240 மாதங்களால் பெருக்கினால் 1 கோடியே 32 இலட்சத்தைத் தாண்டுகிறது. அதாவது, பெற்ற 50 இலட்சத்துக்கு 82 இலட்சம் வட்டி. முதல் மாதத் தவணையில் 50,000 ரூபா வட்டிக்கே போகிறது, முதலில், அதாவது வாங்கிய கடன் தொகையில், கழிவது 5,054 ரூபா மட்டுமே. ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் 33 இலட்சம் ரூபா கட்டிய பின்பும் மீதி ஏறத்தாழ 45 இலட்சத்து 87 ஆயிரமாக நிற்கும். கடன் தொகையில் பாதி கழிவதற்கு ஏறக்குறைய 15 ஆண்டுகள் ஆகும். ஐந்தாம் ஆண்டில் மீதியைக் கேட்டு, வங்கி தம்மை ஏமாற்றிவிட்டதாக எண்ணி மனமுடைந்து வருபவர்கள் உண்டு. வட்டி மீதிக்கே கணிக்கப்படுவதால், மீதி பெரிதாக இருக்கும் ஆரம்ப ஆண்டுகளில் தவணையின் பெரும்பகுதியை அது எடுத்துக்கொள்கிறது. இதில் ஏமாற்று எதுவும் இல்லை. ஆனால் இந்தக் கணக்கைக் கையெழுத்திடும் நாளுக்கு முன்பே பார்த்திருக்க வேண்டும். ஒவ்வொரு மாதமும் முதலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு என்று காட்டும் மீள்செலுத்தல் அட்டவணையைக் கேட்டு வாங்கி, வீட்டில் எல்லோருமாக உட்கார்ந்து ஒருமுறை வாசியுங்கள்.

அடுத்த தவறு, தவணையைச் சிறிதாக்குவதற்காகக் காலத்தை நீட்டுவது. மேற்சொன்ன அதே கடனை 25 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை 52,661 ரூபாவாகக் குறையும். மாதம் 2,400 ரூபா மிச்சம் என்று மனம் ஆறுதல் கொள்ளும். ஆனால் மொத்தமாகக் கட்டும் தொகை 25 இலட்சத்துக்கும் அதிகமாகக் கூடிவிடும். மறுபக்கம், மாதம் 5,000 ரூபா கூட்டிக் கட்ட முடிந்தால் அதே கடன் 15 ஆண்டுகளில் தீர்ந்து, ஏறத்தாழ 24 இலட்சம் ரூபா மிஞ்சும். இந்த 5,000 எல்லோருக்கும் கைக்கெட்டும் தொகை என்று நான் சொல்லவில்லை. உத்தியோகத்தர் எழுதித் தரும் ஒரேயொரு காலத்தை ஏற்றுக்கொள்ளாமல், 15, 20, 25 ஆண்டுகள் மூன்றுக்கும் மொத்தத் தொகையைக் கேட்டுப் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்ப்பதற்குக் காசு செலவாகாது.

இடையில் கைக்கு வரும் பணத்தைப் பற்றியும் பலருக்குத் தெளிவில்லை. வெளிநாட்டிலிருக்கும் தம்பி அனுப்பியது, பெரும்போக அறுவடையில் மிஞ்சியது, சீட்டுக் கழிவில் கிடைத்தது என்று ஓர் இலட்சம் ரூபா வந்து, அதை முதலாண்டு முடிவில் கடன் முதலுக்குக் கட்டினால், இதே எடுத்துக்காட்டில் கடைசித் தவணைகளில் 16 இல்லாமற் போகும். அவற்றின் கூட்டுத்தொகை 8 இலட்சத்து 80 ஆயிரத்துக்கு மேல். இந்தப் பலன் கிடைக்க வேண்டுமாயின், மேலதிகமாகக் கட்டிய பணத்தைக் கடன் முதலில் கழித்து, தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கும்படி எழுத்தில் கேட்க வேண்டும். சொல்லாமல் விட்டால் அது வரப்போகும் தவணைகளுக்கான முற்பணமாகக் கணக்கில் கிடக்கலாம், அல்லது காலம் அப்படியே இருக்கத் தவணை மட்டும் சற்றுக் குறையலாம். முன்கூட்டியே தீர்ப்பதற்குக் கட்டணம் அறவிடப்படுமா, எத்தனை ஆண்டுகளுக்குப் பிறகு அது நீங்கும் என்பதையும் ஒப்பந்தத்தில் தேடிப் பாருங்கள்.

இனி எல்லாவற்றிலும் பெரிய தவறுக்கு வருகிறேன். இன்றைய வட்டி வீதமே கடைசி வரை இருக்கும் என்ற நம்பிக்கை எத்தனை குடும்பங்களை 2022ஆம் ஆண்டில் நிலைகுலைய வைத்தது என்பதை நாம் கண்ணால் கண்டோம். அந்த ஆண்டு ஏப்ரல் 8ஆம் திகதி இலங்கை மத்திய வங்கி, வங்கிகளுக்குத் தான் ஓரிரவுக் கடன் கொடுக்கும் வட்டியான துணைநில் கடன்வழங்கல் வசதி வீதத்தை ஒரே நாளில் 7.5 சதவீதத்திலிருந்து 14.5 சதவீதத்துக்கு உயர்த்தியது. 2023 மார்ச்சில் அது 16.5 சதவீதமாயிற்று. வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரி வட்டி, 2022 தொடக்கத்தில் 9 சதவீதத்துக்கும் குறைவாக இருந்து, ஆண்டு முடியும்போது 27 சதவீதத்தைத் தாண்டியிருந்தது. மாறும் வட்டியில் கடன் எடுத்திருந்தவர்களின் வீதம் பெரும்பாலும் இந்தச் சராசரியோடு பிணைக்கப்பட்டது. நமது எடுத்துக்காட்டிலே வீதம் 20 சதவீதமானால் தவணை ஏறத்தாழ 85,000 ரூபாவாகிவிடும். தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டித் தருவார்கள் என்று நினைப்பவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். 50 இலட்சத்துக்கு 14 சதவீத வட்டியே மாதம் 58,333 ரூபா. 55,054 ரூபா தவணையால் அந்த வட்டியைக்கூட அடைக்க முடியாது. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் முதல் குறையாமல் வளரும். அதே வேளையில், 2023 ஜனவரியிலிருந்து மாதம் ஓர் இலட்சத்துக்கு மேற்பட்ட சம்பளத்தில் வருமான வரியும் கடுமையாகக் கழிக்கப்பட்டது என்பதையும் மறந்துவிடக் கூடாது.

2025 மே மாதத்தில் மத்திய வங்கியின் அடிப்படை வட்டியான ஓரிரவுக் கொள்கை வீதம் 7.75 சதவீதமாகக் குறைக்கப்பட்டதை நம்பி இன்று கடன் எடுப்பவர்களிடம் நான் கேட்பது இதுதான்: அடுத்த இருபது ஆண்டுகளில் 2022 ஒருமுறையாவது திரும்பி வந்தால் உங்கள் வீட்டுச் செலவு அதைத் தாங்குமா? வீதம் எத்தனை ஆண்டுகளுக்கு நிலையாக இருக்கும், பிறகு எதனோடு பிணைக்கப்படும், எத்தனை மாதங்களுக்கு ஒருமுறை மாற்றப்படும், அதற்கு உச்சவரம்பு உண்டா என்ற நான்கையும் எழுத்தில் பெறுங்கள். "முதல் இரண்டு வருடம் மட்டும் சலுகை வட்டி" என்ற விளம்பரத்தில் மூன்றாம் வருடத்தைப் பற்றி எழுதியிருப்பதையே முதலில் வாசிக்க வேண்டும்.

பணவீக்கம் கடனைத் தானாகக் கரைத்துவிடும் என்று படித்தவர்களே சொல்லக் கேட்டிருக்கிறேன். அதில் பாதி உண்மை உண்டு. இருபதாம் ஆண்டில் கட்டும் 55,000 ரூபா இன்றைய 55,000 ரூபாவின் பெறுமதி கொண்டதல்ல. ஆகவே 1 கோடியே 32 இலட்சம் என்ற தொகையை இன்றைய பணமாக எண்ணிப் பயப்படவும் தேவையில்லை. ஆனால் அந்த நன்மை கிடைப்பதற்கு வட்டி நிலையாக நிற்கவும் வருமானம் விலைவாசியோடு சேர்ந்து ஏறவும் வேண்டும். 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 சதவீதத்தைத் தொட்டபோது வட்டியும் கூடவே ஏறியது, சம்பளம் ஏறவில்லை.

வீதங்களை ஒப்பிடும்போதும் கவனம் வேண்டும். முதல் குறையக் குறைய வட்டியும் குறைவது ஒரு முறை. எடுத்த முழுத் தொகைக்கும் கடைசி வரை வட்டி போடுவது இன்னொரு முறை. 10 இலட்சத்தை 12 சதவீதத்துக்கு ஐந்து ஆண்டுகளுக்கு இரண்டாவது முறையில் எடுத்தால் மாதம் 26,667 ரூபா கட்ட வேண்டும். முதலாவது முறையில் 22,244 ரூபாதான். இரண்டாவது முறையின் மெய்யான வட்டி 20 சதவீதத்துக்கும் சற்று அதிகம். உறுதிப் பத்திரம் இல்லாத காணிக்காரர் இந்தக் குழியில் எளிதில் விழுகின்றனர். 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அனுமதிப்பத்திரம் பெற்ற காணிகள் படுவான்கரையிலும் அம்பாறைக் குடியேற்றத் திட்டங்களிலும் நிறைய உண்டு. அவற்றை விரும்பியபடி ஈடு வைக்க முடியாது என்பதால், நிதிக் கம்பனிகளிலும் நுண்கடனிலும் துண்டுதுண்டாகக் கடன் எடுத்து வீடு கட்டுகிறார்கள். காத்தான்குடி, சம்மாந்துறைப் பக்கங்களில் வட்டியில்லா இஸ்லாமிய நிதிமுறையை நாடுவோருக்கும் ஒரு வார்த்தை: மார்க்க அடிப்படை வேறு என்றாலும், மொத்தம் எத்தனை ரூபா கட்டி முடிக்கப்போகிறோம் என்ற கேள்வி அங்கும் கேட்கப்பட வேண்டியதே.

இப்போது வயதுக் கணக்கு. மகளுக்கு வீடு கட்டத் தொடங்கும்போது தகப்பனுக்குப் பெரும்பாலும் ஐம்பது வயது நெருங்கியிருக்கும். அரச சேவையில் ஓய்வு வயது 60. மிஞ்சிய பத்து ஆண்டுகளுக்கு மேல் கடன் நீள வேண்டுமாயின், உழைக்கும் பிள்ளை ஒருவரைக் கூட்டுக் கடனாளியாகச் சேர்க்கும்படி கேட்பார்கள். அக்காவின் வீட்டுக்காகக் கையெழுத்திட்ட தம்பியின் பெயர் கடன் தகவல் பணியகத்தில், நாம் கிரிப் என்று சொல்லும் இடத்தில், பதிந்துவிடும். நாளை அவனுக்கென்று ஒரு கடன் தேவைப்படும்போது இது கணக்கில் எடுக்கப்படும். ஈடு நிலுவையில் இருக்கும் காணியை வங்கியின் சம்மதமின்றி மகள் பெயருக்கு எழுதிக் கொடுக்க முடியாது என்பதும் கலியாணப் பேச்சின்போதே இரு வீட்டாருக்கும் தெரிந்திருக்க வேண்டும். இதை மறைத்து வாக்குக் கொடுத்துப் பின்னர் மகள் தலைகுனிந்து நிற்க நேர்வதைவிட, முதலிலேயே சொல்லிவிடுவது எவ்வளவோ மேல். தனியார் துறையில் ஊழியர் சேமலாப நிதியைப் பிணையாக வைத்து வீடமைப்புக் கடன் எடுப்பவர்கள், கட்டாமல் விட்ட தொகை வட்டியோடு அந்த நிதியிலிருந்தே வங்கிக்குப் போய்விடும் என்பதை அறிந்திருக்க வேண்டும். ஓய்வு பெறும் நாளில் நிதி வெறுமையாக இருப்பதைக் கண்டு திகைப்பதில் பயனில்லை.

கடனாளி இறந்தால் மீதியைத் தீர்க்கும் ஆயுள் காப்புறுதி அவசியமானது; அதைத் தவிர்க்கச் சொல்ல மாட்டேன். அதன் கட்டணத்தைக் கடனோடு சேர்த்துவிடுவதுதான் கவனிக்க வேண்டியது. ஒன்றரை இலட்சம் ரூபா கட்டணத்தை மேற்சொன்ன கடனில் சேர்த்தால், 20 ஆண்டுகளில் அதற்காக மட்டும் ஏறத்தாழ 3 இலட்சத்து 96 ஆயிரம் ரூபா கட்டியிருப்பீர்கள். தவணையை உண்மையில் கட்டுவது ஆசிரியையான தாயின் சம்பளமாக இருக்க, காப்புறுதி தகப்பன் பெயரில் மட்டும் இருப்பதும் நடக்கிறது. வீட்டுக்கான காப்புறுதியும் தீயை மட்டும் உள்ளடக்கியதாக இருந்தால் நமது மண்ணுக்குப் போதாது. 1978 நவம்பர் 23ஆம் திகதிச் சூறாவளியையும் 2004 டிசம்பர் 26ஆம் திகதிக் கடற்கோளையும் மாரிதோறும் வரும் வெள்ளத்தையும் கண்ட கரை இது. சூறாவளி, வெள்ளம், சுனாமி மூன்றும் பத்திரத்தில் பெயர் சொல்லி எழுதப்பட்டிருக்கின்றனவா என்று பாருங்கள். வீடு போனாலும் கடன் போகாது.

உறுதி ஆய்வு, மதிப்பீட்டாளர், நொத்தாரிசு, முத்திரைத் தீர்வை, பிரதேச சபை அல்லது மாநகர சபை அனுமதி, பின்னர் ஆண்டுதோறும் சோலைவரி என்று கைக்காசில் போகும் செலவுகள் வேறு. இவற்றுக்கு நகையை அடகு வைத்தால் அந்த வட்டியும் வீட்டின் விலையே. கட்டுமானக் கடன் அத்திவாரம், லிண்டல், கூரை என்று கட்டம் கட்டமாகவே விடுவிக்கப்படும். இடையில் சாமான் விலை ஏறினால் கடன் தொகை ஏறாது. கூரை மட்டத்தில் நின்றுபோன வீட்டுக்கும் முழுத் தவணை வந்துகொண்டிருக்கும். ஆகவே வாங்கும் கடனுக்குள் முடிக்கக்கூடிய சிறிய வீட்டை முதலில் கட்டி, மற்ற அறைகளைப் பிறகு இழுத்துக்கொள்வதையே நான் விரும்புகிறேன். வேளாண்மைக் குடும்பங்கள், அறுவடைக்குப் பின் கூடுதலாகவும் மற்ற மாதங்களில் குறைவாகவும் கட்ட இடமுண்டா என்று கேட்க வேண்டும். இல்லையென்றால் அடுத்த அறுவடை வரைக்குமான தவணைகளை வேறொரு சேமிப்புக் கணக்கில் ஒதுக்கி வைக்க வேண்டும்.

தவணை தவறப் போகிறது என்று தெரிந்தால், தவறுவதற்கு முன்பே கிளை முகாமையாளரிடம் போய், வேண்டுகோளை எழுத்தில் கொடுங்கள். வெட்கப்பட்டு ஒளிந்திருக்கும் மாதங்களில் தண்ட வட்டி ஏறிக்கொண்டே போகும். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், ஈடு வைத்த சொத்தை நீதிமன்றம் போகாமலே ஏலத்தில் விற்கும் அதிகாரத்தைச் சில நிபந்தனைகளோடு வங்கிகளுக்குக் கொடுக்கிறது. பராட்டே என்று பத்திரிகைகளில் வருவது இதுதான்.

கடைசித் தவணையோடும் வேலை முடிவதில்லை. வங்கியிடமிருந்து கடன் தீர்ந்த கடிதத்தையும் மூல உறுதியையும் பெற்று, ஈடு விடுவிக்கப்பட்டதை நொத்தாரிசு மூலம் எழுதிக் காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும். இதைச் செய்யாவிட்டால் பதிவேட்டில் காணி ஈட்டிலேயே கிடக்கும். பல ஆண்டுகளுக்குப் பிறகு மகள் அந்தக் காணியைத் தன் பிள்ளைக்கு எழுத முனையும்போது, ஒப்பமிட்டவர்களும் இல்லாமல், கிளையும் இடம் மாறி, அந்த ஒரு பதிவுக்காக அவள் அலைய வேண்டிவரும்.