இல்லாத சஞ்சிகைக்கு எழுதும்போது செய்யக்கூடாதவை

இணையுலகங்களின் மறைகணிதத்துக்கென்று, அதாவது மர்மம் கலந்த கணிதத்துக்கென்று, ஓர் ஆய்வுச் சஞ்சிகை இருப்பதாக வைத்துக்கொண்டு, அதற்குக் கட்டுரை எழுதுவதுபோலக் கதை எழுதலாம். மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்து இளையவர்களுக்கு நல்ல விளையாட்டு இது. ஆனால் பலர் முதல் பக்கத்திலேயே சறுக்குகிறார்கள்.

காரணம் பெரும்பாலும் பாய்தான். மட்டக்களப்புக்குப் போனால் மந்திரம் போட்டுப் பாயோடு ஒட்டவைத்துவிடுவார்கள் என்று வெளியூரார் சொல்லிப் புளித்த கதையை நாமே எடுத்துச் சமன்பாடு ஆக்குகிறோம். கல்லடிப் பாலத்தடிப் பாடும் மீனுக்கும் இதே கதி. ஊர்ப்பெயரைப் போட்டவுடன் மர்மம் வந்துவிடாது.

அதைவிடப் பெரிய பிழை, வேறு உலகம் என்றதும் எண்கணிதத்தையே உடைப்பது. காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள், 1947இல் வெளியான யாழ் நூலில், பழைய யாழ்களின் இசையைக் கணக்குப் போட்டு ஆராய்ந்தார். அந்த வழியில் ஒரு கதையை யோசியுங்கள். குரலிலிருந்து (ச) இளிக்கு (ப) அதிர்வெண் விகிதம் 3/2. அப்படியே 12 தடவை ஏறினால் ஏழு ஸ்தாயியை (ஒரு ஸ்தாயி என்றால் இரு மடங்கு) தாண்டிக் கொஞ்சம் மிஞ்சும்: 531441/524288. “இன்னோர் உலகத்துக் காரைதீவில் இந்த மிச்சமே இல்லை” என்று எழுதக் கை துடிக்கும். வேண்டாம். மேலே இருப்பது 3இன் 12ஆம் வலு, ஒற்றை எண். கீழே இருப்பது 2இன் 19ஆம் வலு, இரட்டை எண். எந்த உலகத்திலும் இரண்டும் சமமாகா. உயர்தரத்தில் இணைந்த கணிதம் படித்த வாசகர் அந்த வரியோடு சஞ்சிகையை மூடிவிடுவார். அந்த மிச்சத்தைத் துல்லியமாகக் கேட்கும் காதுள்ள மனிதரைப் படையுங்கள். கணக்கு அப்படியே இருக்கும், பண்கள் மாறும்.

மாற்றத்தான் வேண்டுமென்றால் வெளிப்படை உண்மைகளில், அதாவது நிறுவாமலே ஏற்றுக்கொள்ளும் அடிப்படை விதிகளில், கைவையுங்கள். ஒரு கோட்டுக்கு வெளியேயுள்ள புள்ளியூடாக ஒரேயொரு சமாந்தரக் கோடுதான் என்ற விதியை விட்டுவிட்டு, கணிதவியலாளர்கள் லொபசெவ்ஸ்கி 1829இலும் பொல்யாய் 1832இலும் முரண்படாத வேறு கேத்திரகணிதத்தை வெளியிட்டார்கள். இன்னும் சுவையானது முடிவிலி. இயற்கை எண்களின் முடிவிலிக்கும் மெய்யெண்களின் முடிவிலிக்கும் நடுவே வேறொரு முடிவிலி உண்டா? வழக்கமான கணக் கோட்பாட்டின் விதிகளைக் கொண்டு “உண்டு” என்று நிறுவ முடியாதென கேடல் 1940இலும், “இல்லை” என்றும் நிறுவ முடியாதென கோஹன் 1963இலும் காட்டினார்கள். உண்டு என்று ஒரு கணிதம், இல்லை என்று இன்னொன்று. இணையுலகம் கணிதத்துக்குள்ளேயே இருக்கிறது. நம் எழுத்தாளர்கள் அந்தப் பக்கம் எட்டிப் பார்ப்பதே இல்லை.

எதற்கெடுத்தாலும் குவாண்டம் என்று எழுதித் தப்பிப்பதும் சரிவராது. உலகம் பல கிளைகளாகப் பிரிகிறது என்று பௌதிகவியலாளர் எவரெட் 1957இல் முன்வைத்த கருத்தில், பிரிந்த கிளைகள் தமக்குள் கடிதம் எழுதிக்கொள்வதில்லை. பௌதிக விதியும் எல்லாக் கிளைகளிலும் ஒன்றே. மறு உலகத்துக் கட்டுரை உங்கள் கைக்கு எப்படி வந்தது என்பதற்கு நீங்களே ஒரு விதி வைக்கவேண்டும், அதைக் கடைசிவரை மீறவும் கூடாது.

தகட்டில் கீறும் ஒன்பது கட்டச் சக்கரத்தில் எண்ணற்ற இரகசிய அடுக்குகள் உண்டென்று எழுதுவார்கள். 1 முதல் 9 வரை வைத்து நிரை, நிரல், மூலைவிட்டம் என எப்பக்கம் கூட்டினாலும் 15 வருவது, திருப்பியும் கண்ணாடியில் காட்டியும் பெறுபவற்றை விட்டால், ஒன்றேயொன்றுதான். 1 முதல் 16 வரை வைக்கும் பதினாறு கட்டத்துக்குப் போங்கள், அதே கணக்கில் 880 இருக்கிறது.

இராமானுஜனுக்கு நாமகிரித் தாயார் கனவில் சொன்னதை எல்லாரும் இழுக்கிறார்கள். அவர் குறிப்பேடுகளில் இருந்தவற்றை நிறுவ மற்றவர்கள் பல பத்தாண்டுகள் உழைத்ததை யாரும் எழுதுவதில்லை. கனவு முன்னுரையில் இருக்கட்டும், நிறுவல் உள்ளே வரவேண்டும். “மூன்றாம் படி விளங்கவில்லை” என்று மீளாய்வாளர் எரிந்துவிழுந்த குறிப்பும், போன இதழுக்கான பிழைதிருத்தமும் இருந்தால்தான் சஞ்சிகை சஞ்சிகையாகத் தெரியும்.

வெளியீட்டாளர் என்று வந்தாறுமூலை, ஒலுவில் பல்கலைக்கழகங்களின் பெயரைப் போடாதீர்கள். எவராவது நம்பி ஆய்வேட்டில் மேற்கோள் காட்டிவிடுவார். வயல்கார நிலக்கிழார் ஒரு போடியாரின் நெற்களஞ்சியத்தில் அச்சாகிறது என்று போடுங்கள். அதை எந்தப் பரீட்சகரும் ஏற்கமாட்டார்.