பாலே இசை நடத்துநராக ஆசையா? முதலில் நடனக் கூடத்தில் போய் உட்காருங்கள்

சிம்பொனி வாத்தியக் குழுவைக் கையசைத்து நடத்தப் படித்துவிட்டால் பாலேவையும் நடத்திவிடலாம் என்று நினைக்கிற மாணவர்கள் நிறைய. நடத்தலாம்தான். ஆனால் மேடையில் ஒரு பெண் ஒற்றைக் கால்விரல் நுனியில் நின்றுகொண்டு உங்கள் அடுத்த தட்டுக்காகக் காத்திருக்க, கீழே பள்ளத்தில் அத்தனை வாத்தியக்காரர்களும் வில்லையும் மூச்சையும் பிடித்துக்கொண்டு உங்கள் கையையே பார்த்துக்கொண்டிருக்கும் நேரத்தில், அந்தப் படிப்பு பாதி தூரம்தான் கூட வரும். மீதி நடனக் கூடத்தில்தான் கிடைக்கும்.

அதனால் பியானோவை விட்டுவிடாதீர்கள். பாலே குழுக்களில் காலையில் வகுப்பு, அப்புறம் நாள் முழுக்க ஒத்திகை, எல்லாமே பியானோவை வைத்துத்தான் நடக்கும்; ஆர்கெஸ்ட்ரா வந்து சேர்வது கடைசிக் கட்டத்தில். வகுப்புக்கு வாசிக்கும் வேலை கிடைத்தால் சின்ன வேலை என்று ஒதுக்காமல் உடனே ஒப்புக்கொள்ளுங்கள், ஏனென்றால் ஒரு பிளியேவுக்கு முழங்கால் மடங்கி நிமிர எவ்வளவு நேரமாகிறது, குதிப்பதற்கு முன் உடம்பு எங்கே மூச்சை இழுக்கிறது என்பதெல்லாம் அங்கே உட்கார்ந்து பார்த்தால்தான் கண்ணில் படியும். முடிந்தால் நீங்களே சில மாதம் தொடக்க வகுப்பில் சேர்ந்து ஆடிப் பாருங்கள். நன்றாக ஆட வரவேண்டிய அவசியம் இல்லை.

அடுத்தது காலப்பிரமாணம். மெதுவாக வாசித்தால் ஆடுபவருக்குச் சுலபம் என்பது தப்பான எண்ணம். பெரிய தாவல்களில் இசை இழுத்தால் ஆடுபவர் காற்றில் காத்திருக்க முடியாது, புவியீர்ப்பு யாருக்காகவும் நிற்காது, இசைக்கு முன்னால் தரையில் இறங்கிவிடுவார். அதே சமயம் சின்னச் சின்ன வேகமான அடிகளில் நெட்டையான ஒருவருக்குக் கைகால் மடங்கி விரியக் கொஞ்சம் கூடுதல் நேரம் வேண்டும். ஒரே பாலேவை இன்று ஒருவர், நாளை இன்னொருவர் ஆடுவார், எனவே ஒவ்வொருவரின் வேகத்தையும் ஸ்கோரில், அதாவது எல்லா வாத்தியங்களுக்குமான இசைக் குறிப்பேட்டில், பென்சிலால் தனித்தனியாகக் குறித்து வையுங்கள். எண் மட்டும் போதாது, எந்த அடியில் பார்க்க வேண்டும், எதைப் பார்க்க வேண்டும் என்பதையும் எழுதுங்கள்.

‘ஸ்லீப்பிங் பியூட்டி’யின் முதல் அங்கத்தில் வரும் ரோஸ் அடாஜியோ என்ற மெதுவான நடனத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முடிவில் கதாநாயகி அரோரா ஒரு கால் நுனியில் நிற்க, நான்கு இளவரசர்களும் ஒருவர் பின் ஒருவராக வந்து கையைப் பிடித்து அவளைச் சுற்றிவிட்டு விலகுவார்கள். ஒருவர் கையை விட்டு அடுத்தவர் கையைப் பிடிக்கும் அந்த இடைவெளியில் அவள் கையைத் தலைக்கு மேல் தூக்கித் தனியே நிற்கிறாள். நன்றாக நிற்கிறவளுக்கு அந்தக் கணத்தை நீட்டிக் கொடுக்கத் தோன்றும், ஆனால் ஆர்கெஸ்ட்ரா முழு பலத்தில் போய்க்கொண்டிருக்கும் இடம் அது. பிரேக் போட்டது போல நிறுத்தினால் இசை அங்கேயே உடையும். முந்தைய தாள அளவுகளிலேயே சிறுகச் சிறுக அகலப்படுத்திக்கொண்டு வர வேண்டும், கண் அவள் முகத்தில் இல்லாமல் தாங்கும் காலின் கணுக்காலில் இருக்க வேண்டும். தள்ளாடினால் முதலில் தள்ளாடுவது அதுதான்.

ஆடுபவர்களுக்காக வாத்தியக்காரர்களை வதைக்கவும் கூடாது. ‘ஸ்வான் லேக்’ இரண்டாம் அங்கத்தின் ஜோடி நடனத்துக்குத் தனி வயலின் வாசிக்கிறது. ரொம்ப மெதுவாக எடுத்தால் வில் பாதியில் தீர்ந்துபோகும். இந்தப் பேச்சை ஒத்திகைக் கூடத்திலேயே முடித்துவிடுங்கள், “இதற்கு மேல் இழுத்தால் வயலின் செத்துவிடும்” என்று மரியாதையாக, ஆனால் தெளிவாகச் சொல்லுங்கள். நல்ல கலைஞர்கள் ஒப்புக்கொள்வார்கள், அவர்களுக்கும் உயிருள்ள இசைதான் வேண்டும்.

ஸ்கோரை வெட்டவும் ஒட்டவும் தெரிந்திருக்க வேண்டும். இது இந்தத் தொழிலில் பழைய வழக்கம். 1890இல் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’யின் முதல் நிகழ்ச்சியை நடத்திய ரிக்கார்டோ டிரிகோதான், இரண்டுக்கும் இசையமைத்த சைகோவ்ஸ்கி இறந்த பிறகு 1895இன் ‘ஸ்வான் லேக்’ தயாரிப்புக்காக இசையைத் திருத்தி அமைத்தவர். லண்டனில் நடத்துநர் ஜான் லாஞ்ச்பெரி, நடன அமைப்பாளர் பிரெட்ரிக் ஆஷ்டனின் 1960ஆம் ஆண்டு ‘லா ஃபீய் மால் கார்டே’வுக்காக இசையமைப்பாளர் எரோல்டின் 1828 இசையை எடுத்து, வேறு இடங்களிலிருந்தும் சேர்த்து, புதிதாகவே தைத்துக் கொடுத்தார். அதில் வரும் மரச்செருப்பு நடனத்தின் மெட்டு ஹெர்டெல் என்ற இன்னொரு இசையமைப்பாளரிடமிருந்து வந்தது. ஹார்மனியும் வாத்திய அமைப்பும் கற்காமல் இதைச் செய்ய முடியாது.

வாழ்க்கை எப்படி இருக்கும் என்று தெரிய வேண்டுமானால் பிரிட்டிஷ் இசையமைப்பாளரும் நடத்துநருமான கான்ஸ்டன்ட் லாம்பர்ட்டைப் பற்றிப் படியுங்கள். இருபது வயதிலேயே தியாகிலெவின் ரஷ்ய பாலே குழுவுக்காக ‘ரோமியோ அண்ட் ஜூலியட்’ எழுதியவர், 1931 முதல் நினெட் டி வலுவா தொடங்கிய விக்-வெல்ஸ் பாலே குழுவை அதன் இசை நடத்துநராக வளர்த்தவர், இன்றைய ராயல் பாலே அதிலிருந்து வந்ததுதான். 1940 மே மாதம் குழு ஹாலந்தில் சுற்றுப்பயணத்தில் இருந்தபோது ஜெர்மானியப் படை நுழைந்தது. ஆட்கள் தப்பி வந்தார்கள், அவர் எழுதிய ‘ஹாரஸ்கோப்’ உட்படச் சில பாலேக்களின் ஸ்கோர்கள் அங்கேயே போயின. போர்க்காலத்தில் ஆர்கெஸ்ட்ராவுக்கு வழியில்லாதபோது பியானோ கலைஞர் ஹில்டா கான்ட்டோடு சேர்ந்து இரண்டு பியானோக்களில் நிகழ்ச்சி நிகழ்ச்சியாக வாசித்தார். 1951இல் இறந்தபோது அவருக்கு வயது 45. எனக்கு இந்தத் துறையில் யாரையாவது ஒருவரைக் காட்டச் சொன்னால் அவரைத்தான் காட்டுவேன். நிதானமான பாதையும் உண்டு, நடத்துநர் ராபர்ட் இர்விங் லண்டனிலிருந்து 1958இல் நியூயார்க் சிட்டி பாலேவுக்குப் போய் 1989 வரை அங்கேயே இருந்தார்.

பெரும்பாலும் முதல் வாய்ப்பு உதவி நடத்துநராகத்தான் வரும், அதாவது இன்னொருவருக்கு உடம்பு சரியில்லாமல் போனால் ஒத்திகையே இல்லாமல் அன்று மாலை நீங்கள் பள்ளத்தில் இறங்க வேண்டியிருக்கும். ஆகவே ஒவ்வொரு ஒத்திகைக்கும் போய்ப் பின்வரிசையில் ஸ்கோரோடு உட்காருங்கள், யார் எங்கே கைதட்டலுக்கு வணங்கி நிற்பார்கள், எந்தச் சைகைக்குப் பிறகு அடுத்த பாட்டைத் தொடங்குவது என்பதைக்கூடக் குறித்துக்கொள்ளுங்கள், கறுப்புச் சட்டையையும் இசை நடத்தும் இரண்டு கோல்களையும் எப்போதும் பையிலேயே வைத்திருங்கள்.